வீட்டு நாயும் கருவுற்ற தாயும்

இல்லத்தில் ஒரு பெண் கருவுற்றிருக்கிறாள் என்ற இனிய செய்தி வந்ததும் முதியோரிடமிருந்து அறிவுரைகள் பல புறப்படும். பப்பாளி உண்ணாதே, பளுவைத் தூக்காதே, அந்தி வேளையில் தனியே வெளியே செல்லாதே என்னும் பழைய வரிசையோடு இப்போது புதியதொன்றும் சேர்ந்திருக்கிறது. "முதலில் அந்த நாயை வீட்டைவிட்டு அனுப்பு" என்பதே அது. எங்கோ ஒரு மருத்துவர் சொன்னாராம்; நாயின் உரோமத்தில் ஒரு கிருமி இருக்கிறதாம்; அது கருவிலுள்ள சிசுவின் கண்ணையும் மூளையையும் கெடுத்துவிடுமாம். நான்கைந்து ஆண்டுகள் வாசலைக் காத்துக் கிடந்த பிராணி, ஒரே நாளில் சாக்கில் கட்டப்பட்டு ஆற்றுக்கு அப்பால் கொண்டுபோய் விடப்படுகிறது. வீட்டில் பூனை இருந்தால் அதன் கதியும் அதுவே.

இந்த அச்சத்துக்குக் காரணமான நோயின் பெயர் டாக்ஸோப்ளாஸ்மோசிஸ். பெயர் நீளமானதுதான், ஆயினும் ஒருமுறை பழகிக்கொண்டால் நாவில் நிற்கும். நோய் மெய்யானது. கருவிலுள்ள குழந்தைக்கு அது விளைக்கக்கூடிய கேடும் மெய்யானது. ஆனால் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தப்பட்டிருக்கும் நாய்க்கு அதில் எவ்வளவு பங்கு என்பதை ஆராயாமல் தீர்ப்பு எழுதுவது முறையாகாது. நாயை விரட்டியதோடு கடமை முடிந்தது என்று எண்ணி, உண்மையான வழியை அடைக்காமல் விட்டுவிடும் இல்லங்களே மிகுதி என்பதால்தான் இத்திங்கள் இதனை எடுத்துக்கொள்கிறோம்.

இந்நோயை உண்டாக்குவது ஓரணு உயிராகிய ஓர் ஒட்டுண்ணி. மலேரியாக் கிருமிக்கு இது தூரத்து உறவு. 1908-ஆம் ஆண்டில் வட ஆப்பிரிக்காவின் துனிஸ் நகரிலுள்ள பாஸ்டர் ஆய்வு நிலையத்தில் சார்லஸ் நிக்கோல், லூயி மான்சோ என்னும் இருவர், எலி போன்றதொரு சிறு காட்டுப் பிராணியின் உடலில் இதனைக் கண்டனர். அதே ஆண்டில் பிரேசில் நாட்டின் சாவோ பாவ்லோ நகரில் ஸ்ப்ளெண்டோர் என்பவர் ஒரு முயலின் உடலில் இதனைக் கண்டார். கடல் கடந்து இருந்த இவ்விரு சாராரும் ஒருவரையொருவர் அறியார். உருப்பெருக்கியில் பிறைபோல், வளைந்த வில்போல் தோன்றியமையால், வில்லைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லைக் கொண்டு டாக்ஸோப்ளாஸ்மா என்று மறு ஆண்டில் பெயரிட்டனர். நிக்கோல் பிற்காலத்தில், 1928-இல், டைஃபஸ் காய்ச்சல் பற்றிய ஆராய்ச்சிக்காக நோபெல் பரிசு பெற்றார்.

நாய் இக்கதையில் நுழைவது 1910-இல். இத்தாலியின் டூரின் நகரில் மெல்லோ என்பவர், இக்கிருமியால் மாண்ட ஒரு நாயைப் பற்றி எழுதினார். வீட்டுப் பிராணி ஒன்று இந்நோயால் இறந்ததாகப் பதிவானது அதுவே முதன்முறை. மனிதர்பால் இந்நோய் அறியப்பட்டது பின்னரே; 1923-இல் பிராக் நகரத்துக் கண் மருத்துவர் ஒருவர் ஒரு குழந்தையின் கண்ணில் இதனைக் கண்டார்; 1930-களின் இறுதியில் நியூயார்க் மருத்துவர்கள், தாயின் வயிற்றிலேயே குழந்தைக்கு இது தொற்றுவதை நிறுவினர். ஆக, மனிதன் இதனை அறியுமுன்பே நாய் இதனால் துன்புற்றது பதிவாகிவிட்டது. நோயாளியாக முதலில் வந்தவனைக் குற்றவாளியாக்கிய கதை இது.

அப்படியானால் கிருமி எங்கிருந்து வந்தது? அறுபது ஆண்டுகளுக்கு மேல் எவருக்கும் தெரியவில்லை. சரியாக வேகாத இறைச்சி வழியே வரக்கூடும் என்ற ஐயம் 1950-களில் எழுந்தது. ஆனால் இறைச்சியைத் தொடாத மக்களுக்கும், புல் மட்டும் மேயும் ஆட்டுக்கும் அது எவ்வாறு வந்தது என்பது புதிராகவே இருந்தது. 1965-இல் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் ஹட்சிசன் என்னும் ஆய்வாளர், பூனையின் மலத்தில் இக்கிருமி இருப்பதைக் கண்டார். பூனையின் குடற்புழு முட்டைக்குள் ஏறிக்கொண்டு அது வெளிவருவதாக அவர் முதலில் கருதினார். புழுவே இல்லாத பூனையின் மலத்திலும் கிருமி காணப்பட்டபோது அக்கருத்து சாய்ந்தது. 1970-இல் பல நாட்டு ஆய்வுக்கூடங்கள் ஏறக்குறைய ஒரே காலத்தில் உண்மையை எட்டின. பூனையின் குடற்சுவரில் மட்டுமே இக்கிருமி ஆணாகவும் பெண்ணாகவும் பிரிந்து கூடி, உறையிட்ட நுண்முட்டைகளை ஈனுகிறது. அவை மலத்தோடு மண்ணில் விழுகின்றன. இதனைக் கண்டவர்களுள் ஒருவர் நம் நாட்டில் பிறந்து, கால்நடை மருத்துவம் பயின்று, பின்னர் அமெரிக்கா சென்ற துபே என்பவர். அவர் பெயர் இக்கட்டுரையில் மீண்டும் வரும்.

பூனை இனம் என்றால் வீட்டுப் பூனை மட்டுமன்று. காட்டுப்பூனை, சிறுத்தை, புலி யாவும் அதில் அடங்கும். வேறெந்தப் பிராணியின் குடலிலும் இந்த முட்டை உருவாவதில்லை. நாயின் குடலிலும் இல்லை. முயலின் குடலிலும் இல்லை. கிளி, புறா, ஆடு, மாடு, மனிதர் எவரிடத்தும் இல்லை. இவர்கள் உடலுக்குள் புகுந்த கிருமி, முதலில் விரைந்து பெருகும். உடலின் எதிர்ப்புச் சக்தி விழித்துக்கொண்டதும் தசையிலும் மூளையிலும் நுண்ணிய கட்டிகளுக்குள் ஒடுங்கி உறங்கும். அங்கேயே ஆயுள் முழுவதும் கிடக்கும். அப்பிராணியை மற்றொரு பிராணி தின்றாலன்றி அதற்கு வெளியேறும் வழியில்லை. எலியின் மூளையில் இவ்வாறு குடியேறிய கிருமி, பூனையின் வாடையைக் கண்டு எலி கொள்ளும் இயல்பான அச்சத்தையே குறைத்துவிடுகிறது என்று 2000-ஆம் ஆண்டில் ஆக்ஸ்ஃபோர்டு ஆய்வாளர்கள் காட்டினர். எலி அஞ்சாமல் நடமாடினால் பூனைக்கு இரையாகும்; கிருமி தன் பிறந்தகம் சேரும். கண்ணுக்குப் புலப்படாத ஓர் உயிரின் சூழ்ச்சியை எண்ணி நாம் வியக்காதிருக்க இயலவில்லை.

இதனால் விளங்குவது யாது? நாயைத் தடவுவதாலோ, நாய் கையை நக்குவதாலோ, அது கட்டிலருகே படுத்திருப்பதாலோ டாக்ஸோப்ளாஸ்மா நமக்கு வருவதில்லை. ஒரே ஒரு விலக்கு உண்டு. அதனையும் மறைக்காமல் கூற வேண்டும். சில நாய்களுக்குப் பூனையின் மலத்தைத் தின்னும் இழிபழக்கம் உண்டு. சில அதன்மேல் புரளவும் செய்யும். அவ்வாறு விழுங்கப்பட்ட முட்டைகள் நாயின் குடலில் செரிக்காமல், உயிரோடு அதன் மலத்தில் வெளிவருவதைச் சோதனையில் கண்டிருக்கின்றனர். இங்கே நாய் சுமைதூக்கியே தவிர உற்பத்தி செய்பவன் அல்லன். இப்படிப் புரண்டுவிட்டு வந்த நாயைச் சோப்பிட்டுக் குளிப்பாட்டி, குளிப்பாட்டியவரும் கையைக் கழுவிக்கொண்டால் போதும். கருவுற்றவர் அவ்வேலையைப் பிறரிடம் விட்டுவிடுவது நலம்.

இனி, நாய்க்கு இந்நோய் வந்தால் எவ்வாறிருக்கும் என்பதைக் காண்போம். பெரும்பாலான நாய்களிடம் ஒன்றும் தோன்றாது. கசாப்புக் கடைக் கழிவைத் தின்று திரியும் தெருநாய்களின் இரத்தத்தைச் சோதித்தால் பலவற்றில் இக்கிருமிக்கு எதிரான பொருள்கள் இருக்கும். நாய்களோ நலமாக ஓடித்திரியும். ஓர் ஆண்டு நிரம்பாத குட்டிகளிடமே நோய் கடுமையாகத் தோன்றும். காய்ச்சல், மூச்சுத் திணறல், வாந்தி, கழிச்சல், மஞ்சட்காமாலை, கால்களில் நடுக்கம், வலிப்பு, பின்னங்கால்கள் விழுந்துபோதல் ஆகியவை அறிகுறிகள். வளர்ந்த நாய்களிடம் நரம்பும் தசையும் கண்ணும் தாக்கப்படுவதுண்டு.

இவ்வறிகுறிகளைப் படித்தவுடன் நாய் வளர்ப்போர், "இது டிஸ்டெம்பர் அல்லவா?" என்று கேட்பர். கேள்வி நியாயமானது. டிஸ்டெம்பர் என்னும் வைரஸ் நோய் குட்டியின் எதிர்ப்புச் சக்தியைக் குலைத்துவிடுகிறது; அதுவரை அடங்கிக் கிடந்த டாக்ஸோப்ளாஸ்மா அப்போது தலைதூக்குகிறது. டாக்ஸோப்ளாஸ்மாவால் இறந்த நாய்களில் பல டிஸ்டெம்பரும் பீடித்தவையே. டாக்ஸோப்ளாஸ்மாவுக்கு நாய்க்கான தடுப்பூசி இன்றளவும் இல்லை. ஆனால் டிஸ்டெம்பருக்கு உண்டு. அவ்வூசியைக் குட்டிப் பருவத்தில் காலந்தவறாமல் போட்டுவிட்டால் இரண்டு நோய்க்கும் பாதி கதவு அடைபடுகிறது. நம் ஊர்களில் நாய்க்குட்டியை ஆவலோடு வாங்கி வருவோர் பலர். அதற்கு ஊசி போட வேண்டும் என்பதை நினைப்போர் சிலர்.

மற்றொரு செய்தி கால்நடை மருத்துவரையே திகைக்க வைத்தது. 1984-ஆம் ஆண்டில் நார்வே நாட்டில் நாய்க்குட்டிகள் சில பின்னங்கால் விழுந்து இறந்தன. உருப்பெருக்கியில் பார்த்தால் டாக்ஸோப்ளாஸ்மா போலவே இருந்தது. இரத்தத்திலோ டாக்ஸோப்ளாஸ்மாவுக்கு எதிரான பொருள் சிறிதும் இல்லை. 1988-இல் முன்னே குறிப்பிட்ட துபே அவர்களும் உடன் ஆய்வாளர்களும் இது வேறொரு கிருமி என்று நிறுவி, நியோஸ்போரா என்று பெயரிட்டனர். டாக்ஸோப்ளாஸ்மா போன்ற நோயால் முற்காலத்தில் இறந்த 23 நாய்களின் திசுக்களை அவர்கள் மீண்டும் எடுத்துப் பார்த்தபோது, 10 நாய்களிடம் இருந்தது இந்தப் புதிய கிருமியே! பல ஆண்டுகளாக ஒன்றன் பழியை மற்றொன்று சுமந்து வந்திருக்கிறது. நியோஸ்போராவின் முட்டை நாயின் குடலில்தான் உருவாகிறது என்பது 1998-இல் தெளிவாயிற்று. அது சினைப்பசுக்களைக் கன்று வீசச் செய்யும். ஆதலால் மாட்டுத் தீவனத்தில் நாய் மலங்கழிக்காமல் பார்த்துக்கொள்வது பால்மாடு வைத்திருப்போருக்கு அவசியம். மனிதருக்கு அது நோய் தருவதாக இதுவரை நிறுவப்படவில்லை. பெயர்க் குழப்பத்தில் சிக்கி அஞ்ச வேண்டா.

குட்டிக்கு இந்நோய் இருக்குமென ஐயுற்றால் கால்நடை மருத்துவர் இரத்தத்தைச் சோதிப்பார். இரண்டு மூன்று வாரம் கழித்து மீண்டும் சோதிப்பார். ஒருமுறை சோதித்ததில் எதிர்ப்பொருள் இருக்கிறது என்பதால் மட்டும் இப்போதைய நோய்க்கு அதுவே காரணம் என்று சொல்ல இயலாது. இரண்டாம் முறையில் அது பன்மடங்கு உயர்ந்திருக்கிறதா என்று காண்பதே வழக்கம். கிளிண்டமைசின் முதலிய மருந்துகள் உண்டு. விரைவில் கொடுத்தால் பல நாய்கள் பிழைக்கும். நரம்பு கெட்டுக் கால் விறைத்துப் போனபின் முழுச் சுகம் அரிது.

பிற செல்லப் பிராணிகளைப் பற்றி நீட்டி எழுத வேண்டியதில்லை. முயல், கினிப்பன்றி, கூண்டுப் பறவை யாவற்றுக்கும் இது தொற்றக்கூடும். கனாரிப் பறவைகளின் பார்வையை இது பறித்துவிடுவதுண்டு. இவற்றின் தீவனம் இருக்கும் அறைக்குள் பூனை நுழையாதபடி செய்வதே தக்க காவல். ஆடு வளர்ப்போர் மட்டும் சற்றுக் கூர்ந்து கவனிக்க வேண்டும். சினையாடு முதன்முதலாக இத்தொற்றைப் பெற்றால் குட்டி வீசிவிடும். அவ்வாறு வீசிய குட்டியையும் நஞ்சுக்கொடியையும் வெறுங்கையால் தொடாமல், நாய் பூனை தின்ன விடாமல், ஆழப் புதைத்துவிட வேண்டும். ஆட்டுப்பாலைக் காய்ச்சாமல் குழந்தைக்குப் புகட்டும் வழக்கம் எங்கேனும் எஞ்சியிருந்தால் அதனையும் விட்டொழிக்க வேண்டும்.

மனிதரிடத்து வருவோம். உலக மக்களில் மூன்றில் ஒரு பங்கினர் வரை என்றேனும் ஒருமுறை இத்தொற்றைப் பெற்றவர்களே என்பர். பெரும்பாலோருக்கு அது வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது. சிலருக்குக் கழுத்தில் நெறிகட்டும். சில நாள் அசதியும் காய்ச்சலும் இருக்கும். எய்ட்ஸ் நோயாளிகள், உறுப்பு மாற்று அறுவை செய்துகொண்டோர் போன்று எதிர்ப்புச் சக்தி குன்றியவர்க்கு அது மூளையைத் தாக்கும். சிலருக்கு மட்டும் கண்ணின் விழித்திரையில் புண்ணாகும்.

கருவுற்ற தாய்மாரைப் பொறுத்தவரை ஒரு நுட்பத்தை அறிந்துகொண்டால் பாதி கலக்கம் தீரும். கருவுறுவதற்கு முன்பே எப்போதோ இத்தொற்றைப் பெற்று எதிர்ப்புச் சக்தி அடைந்துவிட்ட தாயின் சிசுவுக்குப் பொதுவாக அபாயம் இல்லை. கருக்காலத்திலேயே முதன்முறையாகத் தொற்றுப் பெறும் தாயிடமிருந்துதான் அது சிசுவுக்குச் செல்லக்கூடும். முதல் மூன்று மாதங்களில் தொற்றினால் சிசுவை எட்டுவது குறைவு. எட்டினால் கேடு பெரிது. கருச்சிதைவு, தலையில் நீர்கோத்தல், மூளைச் சேதம், பார்வையிழப்பு ஆகியவை நேரலாம். இறுதி மாதங்களில் எட்டுவது மிகுதி, கேடு சிறிது. பிறக்கும்போது நலமாகத் தோன்றும் அத்தகைய குழந்தைக்குப் பல ஆண்டுகள் கழித்துக் கண்ணில் குறை தோன்றுவதும் உண்டு.

இங்கே நம் குடும்பங்களில் நிகழும் ஒரு வேதனையைச் சொல்லாமல் இருக்க இயலாது. ஒரு பெண்ணுக்கு இரண்டு மூன்று முறை கரு கலைந்துவிட்டால், டார்ச் என்னும் இரத்தப் பரிசோதனை எழுதித் தரப்படுகிறது. டாக்ஸோப்ளாஸ்மா, ருபெல்லா, சைட்டோமெகலோ, ஹெர்ப்பிஸ் முதலியவற்றின் முதலெழுத்துகளால் ஆகிய பெயர் அது. தாளில் டாக்ஸோப்ளாஸ்மா என்பதற்கு எதிரே ஒரு குறி இருந்துவிட்டால் போதும். "பிறந்த வீட்டில் பூனை வளர்த்தாளாம்", "நாயோடு கிடந்தாளாம்" என்று பழி அப்பெண்ணின் தலையில் இறங்கிவிடுகிறது. மாமியார் சொல்லாவிட்டாலும் நாத்தனார் சொல்வார். எத்தனை கண்ணீர்! மருத்துவ நூல்கள் கூறுவது வேறு. இத்தொற்று ஒரு கருவைக் கலைக்கலாம்; அதன்பின் உடல் எதிர்ப்புச் சக்தி பெற்றுவிடுவதால் அடுத்தடுத்து வரும் கருக்களைக் கலைக்கும் காரணமாக அது இருப்பது வழக்கமன்று. ஐ.ஜி.ஜி. என்னும் எதிர்ப்பொருள் மட்டும் இருந்தால் அது பழைய தொற்றின் தழும்பு. கவலைக்கன்று, ஆறுதலுக்கே உரியது. ஐ.ஜி.எம். என்பது இருந்தால் அண்மைத் தொற்று என்று ஐயுறலாம். ஆனால் அதுவும் சிலரிடம் பல மாதங்கள், ஓராண்டுக்கு மேலும்கூட, மறையாமல் நிற்கும். தொற்று புதிதா பழையதா என்று பிரித்தறிய அவிடிட்டி என்னும் மேற்சோதனை உண்டு. ஆதலின் ஒரே ஒரு தாளைக் கையில் வைத்துக்கொண்டு கருவைக் கலைக்கவோ, மருமகளைக் குறைகூறவோ எவரும் துணிய வேண்டா. புதிய தொற்றுதான் என்று உறுதியானால் ஸ்பைராமைசின் போன்ற மருந்துகளை மருத்துவர் தருவார்.

உண்மையில் தாய்மாருக்கு இது எவ்வழியே வருகிறது? ஐரோப்பாவின் ஆறு நகரங்களில் கருக்காலத்தில் தொற்றுப்பெற்ற பெண்களை ஆராய்ந்து 2000-ஆம் ஆண்டில் ஓர் அறிக்கை வெளிவந்தது. தொற்றுகளில் நூற்றுக்கு 30 முதல் 63 வரை சரியாக வேகாத இறைச்சியால் வந்தவை. 6 முதல் 17 வரை மண்ணால் வந்தவை. வீட்டில் பூனையோடு பழகுவது தனியே ஓர் அபாயமாக அவ்வாய்வில் தென்படவில்லை. பூனைக்கே இந்நிலை எனில் நாயைப் பற்றிக் கேட்பானேன்!

நாம் குழம்பில் இறைச்சியை நன்றாகக் கொதிக்க வைத்தே உண்கிறோம். அது நம் சமையலின் நற்பேறு. 67 டிகிரி சென்டிகிரேடு வெப்பம் இறைச்சியின் உட்பகுதிவரை எட்டினால் கிருமி மடிந்துவிடும். கொதிக்கும் குழம்பின் வெப்பம் அதைவிட மிக அதிகம். நம் அடுக்களையில் ஆபத்து அடுப்புக்கு இப்பாலே இருக்கிறது. கோலா உருண்டைக்கு அரைத்த பச்சைக் கறியில் ஒரு துளி எடுத்து நாவில் வைத்து உப்புப் பார்க்கும் பழக்கம் எத்தனை வீடுகளில் உண்டு! கறி நறுக்கிய அதே அரிவாள்மனையில், தண்ணீரில் ஒருமுறை அலசிவிட்டு, தயிர்ப் பச்சடிக்கு வெங்காயம் அரிவதும் உண்டு. பச்சடி அடுப்பைக் காண்பதில்லையே! திருவிழா நாளில் ஐந்தாறு கிலோ ஆட்டிறைச்சி ஒரே நேரத்தில் நறுக்கப்படும் வீடுகளில் இந்தக் கவனக்குறைவு இன்னும் எளிதில் நேரும். பச்சைக் கறிக்கு ஒரு கத்தியும் பலகையும், காய்கறிக்கு வேறொன்றும் என்று பிரித்துக்கொள்ள வேண்டும். இயலாதெனில் காய்கறியை முதலில் அரிந்து முடித்துவிட்டு, பின்னர் கறியைத் தொட வேண்டும். கறி தொட்ட கையைச் சோப்பிட்டுக் கழுவாமல் கண்ணைக் கசக்கலாகாது. கொத்தமல்லி, கீரை, கேரட் முதலிய பச்சையாக உண்பவற்றைப் பல தண்ணீர் விட்டு அலச வேண்டும். நாய்க்குப் போடும் கழிவிறைச்சியையும் வேகவைத்தே போட வேண்டும். குட்டி நோயுறாமல் இருக்கவும் அதுவே வழி.

மண்ணின் வழியைப் பற்றி இரண்டொரு வார்த்தை. தொற்றுப் பெற்ற பூனை, வழக்கமாக வாழ்நாளில் ஒருமுறை, ஒன்று முதல் மூன்று வாரம் வரை மட்டுமே முட்டைகளை வெளியேற்றுகிறது. ஆனால் அச்சில நாளில் இலட்சக்கணக்கில் வெளியேற்றுகிறது. புதிதாக விழுந்த முட்டை உடனே தொற்றாது. காற்றும் ஈரமும் பட்டு, ஒரு நாள் முதல் ஐந்து நாள் வரை முதிர்ந்த பின்னரே அதற்குத் தொற்றும் ஆற்றல் வரும். ஆகவே வீட்டுப் பூனை மலங்கழிக்கும் மணற்பெட்டியை நாள்தோறும் துப்புரவு செய்துவிட்டால் முட்டை முதிர்வதற்கே வழியிராது. இப்பணியைக் கருவுற்ற பெண் செய்யலாகாது, கணவர் செய்யட்டும், அதனால் அவர் கௌரவம் குறைந்துவிடாது. ஆனால் முதிர்ந்த முட்டை ஈரமண்ணில் ஓராண்டுக்கு மேலும் உயிரோடிருக்கும். வீடு கட்டத் தெருவோரம் குவித்த ஆற்றுமணலைப் பாருங்கள். பகலில் குழந்தைகள் அதில் கோபுரம் கட்டுகின்றனர். இரவில் ஊர்ப் பூனைகளுக்கெல்லாம் அதுவே கழிப்பிடம். அக்குவியலை மாலையில் ஒரு தார்ப்பாயால் மூடுவதற்கு எத்தனை நேரம் ஆகும்? தோட்டத்தில் மண்ணைக் கிளறுவோர் கையுறை அணிவது நன்று. இல்லையேல் நகக்கண்கள் தூய்மையாகும்வரை கையைத் தேய்த்துக் கழுவ வேண்டும்.

தண்ணீரும் ஒரு வழி. 1995-இல் கனடா நாட்டின் விக்டோரியா நகரில் நகராட்சிக் குடிநீர் வழியே இந்நோய் பலரைப் பற்றியது. நமக்கு மிக அருகில், 2004-ஆம் ஆண்டில் கோயம்புத்தூரில், திடீரென்று பார்வை மங்கிய நிலையில் மக்கள் கண் மருத்துவமனையை நாடி வந்தனர். 248 நோயாளிகளைப் பற்றிய விவரத்தை மருத்துவர்கள் பின்னர் ஓர் ஆய்விதழில் வெளியிட்டனர். அங்கும் ஐயம் குடிநீர் மீதே விழுந்தது. அத்தனை பேரும் நாய் வளர்த்தவர்களா? பூனை வளர்த்தவர்களா? குழாயைத் திறந்தவர்கள், அவ்வளவே. குடிநீரில் கலக்கும் குளோரின் இம்முட்டையைக் கொல்வதில்லை. கொதிக்க வைத்தால் அது மடியும். கருவுற்ற பெண்ணுள்ள இல்லத்தில் காய்ச்சி ஆறிய நீரையே பருகுவது இந்த ஒரு நோய்க்கு மட்டுமின்றி வேறு பலவற்றுக்கும் காப்பாகும்.

நாயால் மனிதருக்கு அபாயமே இல்லையா என்று கேட்பவர்களுக்கு: உண்டு, ஆனால் அது இதுவன்று. வெறிநாய்க் கடி ஒன்று. அந்நோய் வந்தபின் பிழைத்தவர் மிக அரியர். வீட்டு நாய்க்கு ஆண்டுதோறும் வெறிநோய்த் தடுப்பூசி போடுவதும், கடிபட்டால் அந்த இடத்தைச் சோப்பும் நீரும் கொண்டு பதினைந்து நிமிடம் கழுவிவிட்டு அன்றே மருத்துவமனை செல்வதும் கருவுற்ற பெண்ணுக்கும் கட்டாயமே. கருக்காலத்தில் அவ்வூசி ஆகாது என்று தயங்குவது பேராபத்து. மற்றொன்று நாய்க்குட்டியின் குடலில் இருக்கும் உருண்டைப் புழு. அதன் பெயர் டாக்ஸோகாரா. டாக்ஸோப்ளாஸ்மாவோடு பெயரளவில் மட்டுமே உறவு. மண்ணில் விளையாடும் சிறுவரின் கண்ணை அதுவும் கெடுக்க வல்லது. இவ்விரு பெயர்களையும் ஒன்றாக எண்ணிக் குழம்பியதிலிருந்தே நாயின்மேல் இப்பழி விழுந்திருக்குமோ என்பது நம் ஐயம். குட்டி பிறந்த இரண்டாம் வாரத்திலிருந்தே புழு மருந்து கொடுக்கத் தொடங்க வேண்டும். அப்புழுவைப் பற்றியும், குட்டிகளுக்கு மருந்து தரும் முறை பற்றியும் அடுத்த திங்கள் எழுதுவோம்.